பையிலிருந்த தகடு

லிஃப்ட் மெக்கானிக்குக்கு நாற்பத்தெட்டு வயது. அதில் இருபத்தாறு வருடம் லிஃப்ட்டுக்குப் போயிற்று, பத்தொன்பது வருடம் கல்யாணத்துக்குப் போயிற்று. இரண்டும் ஒரே காலத்தில் நடந்தன என்பதுதான் சிக்கல்.

அவர் பொறுப்பில் முப்பத்திரண்டு கட்டடங்கள். மாதம் ஒரு முறை ஒவ்வொன்றுக்கும் போய் எண்ணெய் விட்டு, கயிறு பார்த்து, கதவு பார்த்து, மொட்டை மாடியில் இருக்கும் மோட்டார் அறையில் தொங்கும் அட்டையில் தேதியும் செய்த வேலையும் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். நடுவில் எங்காவது நின்றுபோனால் ஓட வேண்டும். கட்டடங்களில் இருக்கும் வாண்டுகள் அவருக்கு 'மேலகீழ மாமா' என்று பெயர் வைத்திருந்தன. கேட்டால் முறைப்பார். உள்ளுக்குள் அவருக்கு அது பிடிக்கும்.

அந்த முப்பத்திரண்டில் ஒன்று அவரே குடியிருந்த கட்டடம். ஏழு மாடி, ஒரே லிஃப்ட். ஐந்தாம் மாடியில் இடது பக்க வீடு. வீடு அவர் மனைவியின் அப்பா வாங்கிக் கொடுத்தது, அதனால் மெக்கானிக்தான் வெளியே வந்தார். 'முன்னாள் மனைவி' என்று சொல்ல வேண்டும். கையெழுத்தெல்லாம் போட்டாகிவிட்டது. ஆனால் அந்த 'முன்னாள்' அவர் வாயில் இன்னும் நுழையவில்லை. நாமும் கட்டாயப்படுத்த வேண்டாம்.

பெரிய சண்டை எதுவும் நடக்கவில்லை. நடந்திருந்தால் அக்கம்பக்கத்தில் நாலு பேர் வந்து சமாதானம் பேசியிருப்பார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை துவைத்த துணியை மடித்துக்கொண்டே அவள் சொன்னாள்: "நீங்க கெட்டவர் இல்ல. ஆனா ஊர்ல எவன் வீட்டு லிஃப்ட் நின்னாலும் ஓடுறீங்க. நான் ஒரு வார்த்தை பேசலாம்னு உட்கார்ந்தா உங்களுக்குக் கண்ணைச் சொக்குது. பத்து வருஷமா சுவத்துக்கிட்ட பேசிட்டிருக்கேன். என்னால முடியல."

அவர் என்ன பதில் சொன்னார் தெரியுமா? "சரி, சாயங்காலம் வந்து பேசுவோம், ஒரு கம்ப்ளைன்ட் இருக்கு" என்றார். உண்மையிலேயே கம்ப்ளைன்ட் இருந்தது. அதைத்தான் சொல்கிறேன், எப்போதும் உண்மையிலேயே இருந்தது. சாயங்காலம் அவர் திரும்பி வந்தபோது அவருடைய சட்டைகள் தனியாக, அழகாக மடித்து, கட்டில் ஓரத்தில் அடுக்கியிருந்தன. அதற்கு மேல் பேச ஒன்றும் இருக்கவில்லை.

அக்கா வீட்டுக்குப் போனார். சாமான் போடும் அறையைக் காலி செய்து கட்டில் போட்டுக் கொடுத்தாள் அக்கா. ஒரு பக்கம் பழைய மிக்ஸி, மூட்டை கட்டிய போர்வைகள், அத்தானின் உடைந்த சைக்கிள். மறு பக்கம் மெக்கானிக். அக்காவுக்கு ஊர் வாய்க்குப் பயம். கீழ் வீட்டு அம்மா, "என்ன, தம்பி இங்கேயே இருக்காரு?" என்று கேட்டதும், "அவங்க வீட்ல பெயின்ட் அடிக்கிறாங்க" என்று சொல்லிவிட்டாள். நாலு மாதமாக அதே பெயின்ட்.

"அஞ்சு மாசமாகப்போவுது, அது என்ன வீடா அரண்மனையா?" என்றார் அத்தான்.

"உங்களை யாரு கேட்டது? சாப்பிடுங்க" என்றாள் அக்கா.

மெக்கானிக் தலை நிமிராமல் சாப்பிடுவார். என்ன சாப்பிட்டார் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. படுத்தால் தூக்கம் வராது, எழுந்தால் உடம்பு அடித்துப் போட்டதுபோல் இருக்கும். ஒரு சாக்ஸின் ஜோடியைத் தேடி அரை மணி நேரம் கட்டிலில் உட்கார்ந்திருப்பார். பிறகு பார்த்தால் அது காலில் இருக்கும். துக்கம் என்றால் நெஞ்சு வெடிக்கும் என்று அவர் நினைத்திருந்தார். வெடிக்கவில்லை. சும்மா களைப்பாக இருந்தது, நாள் முழுக்க, காரணமே இல்லாத கூலிவேலை செய்ததுபோல.

பிரிந்தபோதே ஆபீஸில் கேட்டார்கள், அந்தக் கட்டடத்தை வேறு ஆளுக்கு மாற்றிவிடலாமா என்று. ஆபீஸ் என்றால் ஹலோக்கா. புகார் வரும் போனை எடுக்கிறவர். எடுத்ததும் மூன்று தடவை ஹலோ சொல்வார், அதனால் அந்தப் பெயர். "எதுக்கு? வேலை வேற, வீடு வேற" என்று வீறாப்பாகச் சொல்லிவிட்டார் மெக்கானிக். சொன்ன வாய் சொன்னதுதான்.

முதல் தடவை நின்றது தற்செயல். அதில் அவர் மேல் குற்றமில்லை. லிஃப்ட்டில் ஒவ்வொரு மாடிக் கதவின் பூட்டிலும் விரல் நகம் அளவுக்கு ஒரு செம்புத் தகடு உண்டு. கதவு சாத்தியதும் அது எதிர்த் தகட்டைத் தொட வேண்டும். எல்லா மாடியிலும் தொட்டால்தான் லிஃப்ட் நகரும், ஒன்று விட்டாலும் இருந்த இடத்தில் நின்றுவிடும். ஆபத்து கிடையாது, அவஸ்தை உண்டு. நாலாம் மாடித் தகடு தேய்ந்திருந்தது. லிஃப்ட் அந்த மாடியைக் கடக்கும்போது கதவு லேசாக அதிர்ந்தால் போதும், தகடு விலகிவிடும். கையில் புதுசு இல்லாததால் உப்புத்தாளால் தேய்த்து, கொஞ்சம் நெளித்துவிட்டு, "புதுத் தகடு வரணும், வந்ததும் மாத்திடுறேன்" என்று வாட்ச்மேனிடம் சொன்னார்.

வேலை முடிந்ததும் எல்லா மாடிக்கும் ஒரு ஓட்டம் ஓட்டிப் பார்க்க வேண்டும். அது முறை. ஐந்தாம் மாடியில் கதவு திறந்தது. எதிரே அவர் வீட்டுக் கதவு. வாசலில் அவள் செருப்பு, சுவரில் சாய்த்த குடை, புதிதாக ஒரு நீல மிதியடி. துணி சோப்பு வாசனை. ஐந்து வினாடியில் லிஃப்ட் கதவு தானாக மூடிக்கொண்டது.

பிரிந்து வந்த பிறகு அன்றைக்குத்தான் அவருக்குப் பசித்தது. அக்கா இரண்டு தடவை பரிமாறினாள்.

அடுத்த வாரமே புதுத் தகடு வந்துவிட்டது. சின்ன பிளாஸ்டிக் உறையில். பையில் போட்டுக்கொண்டார். அன்றே போய் மாற்றியிருக்கலாம். வேறு வேலை இருந்தது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். இரண்டு வாரத்தில் லிஃப்ட் மறுபடி நின்றது. போனார். பையைத் திறந்தார், தகடு கண்ணில் பட்டது. உப்புத்தாளை எடுத்துத் தேய்த்துவிட்டு, பையை மூடினார். அட்டையில் 'சுத்தம் செய்யப்பட்டது. சரி.' என்று எழுதினார். நேற்று வேலைக்குச் சேர்ந்த பையன்கூட இப்படி ஒரு அரைகுறை வேலை செய்ய மாட்டான். அது அவருக்கும் தெரியும்.

அதோடு விட்டாரா? கதவு திறந்திருக்கும் நேரத்தை ஐந்து வினாடியிலிருந்து எட்டு வினாடியாக்கினார். நாலாம் மாடியில் ஒரு ரிட்டையர்டு டீச்சர், முழங்கால் வலிக்காரி, கைத்தடி ஊன்றி நடப்பவர். அவர் மெக்கானிக்கின் கையைப் பிடித்துக்கொண்டு, "என் முட்டிக்காகத்தானே நேரத்தைக் கூட்டி வெச்சீங்க? நல்லா இருப்பீங்க" என்றார். மெக்கானிக் தலையை ஆட்டினார். கூச்சத்தில் காது சிவந்தது.

இப்படியே ஒன்பது தடவை. செருப்பு மாறியது, குடை உள்ளே போனது, மிதியடியின் நீலம் வெளுத்தது. அவளை ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை. பார்க்க வேண்டும் என்றுகூட இல்லை. அந்தக் கதவு இருக்கிறதா என்று பார்த்துவிட்டு வருவார். அவ்வளவுதான்.

ஹலோக்கா சும்மா இருப்பவர் இல்லை. ஒரு நாள் காலையில் பெஞ்சில் உட்காரவைத்துக் கேட்டார்: "உங்க லிஸ்ட்ல மத்த கட்டடமெல்லாம் வருஷத்துக்கு ஒரு போன் வந்தா அதிகம். இந்த ஒண்ணு மட்டும் நாலு மாசத்துல ஒம்போது. என்ன விஷயம்?"

"பழைய லிஃப்ட்."

"எல்லாமே பழைய லிஃப்ட்தான். தகடு கேட்டு வாங்கினீங்களே, போட்டாச்சா?"

"போடணும்."

ஹலோக்கா கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவரைப் பார்த்தார். "இங்க பாருங்க. என் புருஷன் போய்ச் சேர்ந்த வருஷம் நான் அவர் நம்பருக்கு தினமும் போன் பண்ணுவேன். எடுக்க ஆள் இல்லைன்னு தெரியும். அதனால யாருக்கும் நஷ்டமில்ல. நீங்க பண்றதுல ஆள் மாட்டிக்கிறாங்க. பார்த்துக்குங்க." மெக்கானிக் பெஞ்சிலிருந்து எழுந்தார். தகட்டை நாளைக்குப் போட்டுவிட வேண்டும் என்று நினைத்தார். அதைப் போட்டுவிட்டால் அப்புறம் மாதம் ஒரு தடவைக்கு மேல் அங்கே போக என்ன காரணம்?

மூன்றாம் நாள், காலை பதினொரு மணிக்குப் போன் வந்தது. "ஹலோ ஹலோ ஹலோ. அதே கட்டடம். இந்தத் தடவை உள்ள ரெண்டு பேர். நாலுக்கும் அஞ்சுக்கும் நடுவுல. ஓடுங்க."

ஓடினார். வாட்ச்மேன் வாசலிலேயே கையைப் பிசைந்துகொண்டு நின்றார். "டீச்சரம்மா உள்ள இருக்காங்க. முட்டி ஆபரேஷன் பண்ணிட்டு இன்னிக்குத்தான் டாக்டர்கிட்டக் காட்டிட்டு வர்றாங்க. கூட…" என்று இழுத்தார். கூட யார் என்று அவர் சொல்லவில்லை. மெக்கானிக்குக்குப் புரிந்துவிட்டது.

நாலாம் மாடிக் கதவில் தட்டினார். "பயப்படாதீங்க. வந்துட்டேன். பத்து நிமிஷம்."

"பயமில்ல. கால்தான் நிக்கல" என்று டீச்சரின் குரல் மட்டும் வந்தது.

மொட்டை மாடிக்கு ஏறினார். மெயின் சுவிட்சை அணைத்தார். இரண்டு பேர் மட்டும் இருந்தால் கயிற்றின் மறுமுனையில் தொங்கும் எதிர் எடைக்கு லிஃப்ட் மேலே போகத்தான் பார்க்கும், கீழே இறக்குவது கஷ்டம். பிரேக்கைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தளர்த்தி, பெரிய சக்கரத்தைக் கையால் சுற்றினார். கயிற்றில் ஒவ்வொரு மாடிக்கும் மஞ்சள் பெயின்ட் கோடு இருக்கும், அவரே போட்டது. ஐந்தாம் மாடிக் கோடு வந்ததும் பிரேக்கை இறுக்கினார். படியில் இறங்கி ஓடி, முக்கோணச் சாவியைப் போட்டுக் கதவைத் திறந்தார்.

டீச்சர் வியர்த்து வழிந்து நின்றார். நின்றார் என்பது பேச்சுக்கு. அவரை இரண்டு கையாலும் அணைத்து, தன் மேல் சாய்த்துத் தாங்கிக்கொண்டு நின்றது அவள். இருபத்தைந்து நிமிடம் அப்படியே தாங்கியிருக்கிறாள். புடவைத் தோளெல்லாம் ஈரம். முன்னைவிட மெலிந்திருந்தாள்.

"வாங்க மேலகீழ மாமா" என்றார் டீச்சர். "இந்தப் பொண்ணு இல்லேன்னா தரையில உட்கார்ந்திருப்பேன். அப்புறம் என்னைத் தூக்க கிரேன்தான் வரணும். சரி, என் வீடு நாலாம் மாடி, இவ பழக்கத்துல அஞ்சை அழுத்திட்டா. அஞ்சுல இறக்கிவிட்டா ஒரு மாடி படியில எப்படி இறங்குறது? பறந்து போகவா?"

"எங்க வீட்ல உட்காருங்க டீச்சர்" என்றாள் அவள். கூட்டிக்கொண்டு போய் உட்காரவைத்து, தண்ணீர் கொடுத்துவிட்டு, திரும்பி வந்து வாசலில் நின்றாள். கையை உதறிக்கொண்டாள். மரத்துப்போயிருக்க வேண்டும்.

"அந்தத் தகடு வந்துடுச்சா?" என்று கேட்டாள்.

"எந்தத் தகடு?"

"வாட்ச்மேன்கிட்ட சொன்னீங்களாமே. புதுசு வரணும்னு."

சப்பைக்கட்டு கட்ட ஆயிரம் வழி இருந்தது. ஸ்டாக் இல்லை என்று சொல்லலாம், தப்பான சைஸ் அனுப்பிவிட்டார்கள் என்று சொல்லலாம். அவருக்கு அலுப்பாக இருந்தது. "வந்துடுச்சு" என்றார்.

"எப்போ?"

"முதல் தடவை நின்னதுக்கு அடுத்த வாரமே. பையில இருக்கு."

அவள் முகத்தில் ஆச்சரியமே இல்லை. "தெரியும்" என்றாள். "பத்தொம்பது வருஷத்துல நீங்க ஒரே வேலைக்கு ரெண்டு தடவை போனதில்ல. மூணாவது தடவை நின்னப்பவே புரிஞ்சுபோச்சு. அன்னிலேர்ந்து நான் படியிலதான் ஏறுறேன்."

"அஞ்சு மாடியா?"

"அஞ்சு மாடிதான். காய்கறிப் பையோட. இன்னிக்கு டீச்சருக்காகத்தான் இதுல ஏறினேன்."

"ஆபீஸ்ல சொல்லியிருக்கலாமே."

"சொன்னா வேலை போயிடும். உங்களுக்கு வேற என்ன தெரியும்?" குத்திக்காட்டுகிற குரல் இல்லை அது. நாள் முழுக்க நடந்துவிட்டு வந்தவள் பேசுவதுபோல் இருந்தது. "எனக்கு மட்டும் ஜாலியா இருக்குன்னு நினைக்காதீங்க. சாயங்காலம் லிஃப்ட் கதவு சத்தம் கேட்டா இப்பவும் டீ போட எழுந்துடுறேன். ஆனா உங்களைத் திரும்பக் கூப்பிட மாட்டேன். கூப்பிட்டா ரெண்டு வாரம் நல்லா இருக்கும், அப்புறம் அதேதான். தேய்ச்சுத் தேய்ச்சு ஓட்ட எனக்குத் தெம்பு இல்ல."

அவர் பையின் வாரைப் பிடித்தபடி நின்றார். மன்னிப்பு கேட்க வாயெடுத்தார். எதற்குக் கேட்பது, லிஃப்ட்டுக்கா, பத்து வருடத்துக்கா என்று தெரியவில்லை.

"எனக்குன்னு நீங்க செய்ய ஒரு வேலைதான் பாக்கி இருக்கு" என்றாள் அவள். "அதையாவது முழுசா முடிச்சுட்டுப் போங்க. படி ஏறி மூச்சு வாங்குது எனக்கு." கதவைச் சாத்தவில்லை. உள்ளே டீச்சர் கூப்பிட்டார், போய்விட்டாள்.

நாலாம் மாடிக்கு இறங்கினார். பழைய தகட்டைக் கழற்றி, உறையைப் பிரித்துப் புதுசைப் பொருத்தி, இரண்டு திருகாணியை முறுக்கினார். பதினொரு நிமிடம் ஆயிற்று. நாலு மாதம் சுமந்த வேலை பதினொரு நிமிடம். கதவை முப்பது தடவை திறந்து மூடிப் பார்த்தார். குத்திப் பார்த்தார், உதைத்துப் பார்த்தார். அசையவில்லை.

பிறகு முறைப்படி எல்லா மாடிக்கும் ஓட்டம். ஐந்தாம் மாடியில் கதவு திறந்தது. எதிரே வீட்டுக் கதவு பாதி திறந்திருந்தது. டீச்சரின் பெரிய செருப்பும் அவள் செருப்பும் பக்கத்தில் பக்கத்தில் கிடந்தன. உள்ளே இரண்டு பேரும் எதற்கோ சிரித்தார்கள். அவள் சிரித்து அவர் கேட்டு எத்தனை வருடம் இருக்கும்! எட்டு வினாடி முழுக்கப் பார்த்தார். மூடிக்கொண்டது. மறுபடி பட்டனை அழுத்தக் கை போனது. அழுத்தவில்லை.

நேரத்தைத் திரும்ப ஐந்தாக்கத்தான் மோட்டார் அறைக்குப் போனார். டீச்சரின் முழங்கால் ஞாபகம் வந்தது. எட்டிலேயே விட்டுவிட்டார். அட்டையை எடுத்து, 'சுத்தம் செய்யப்பட்டது. சரி.' என்று வரிசையாக இருந்த ஒன்பது வரிக்குக் கீழே, 'நாலாம் மாடித் தகடு மாற்றப்பட்டது. தாமதத்துக்கு நான் காரணம்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். ஆபீஸுக்குப் போய் ஹலோக்காவிடமும் அதையே சொன்னார். "இந்தக் கட்டடத்தை வேற ஆளுக்கு மாத்திடுங்க. காரணம் கேட்டா, வேலையை இழுத்தடிச்சேன்னு எழுதுங்க."

"அப்படி ஒரு கட்டம் இந்த ஃபார்ம்ல இல்ல" என்றார் ஹலோக்கா. ஆனாலும் மேலதிகாரிக்குச் சொல்லத்தான் வேண்டியிருந்தது. ஒரு எச்சரிக்கைக் கடிதம் வந்தது. அதை மெக்கானிக் சாமான் அறையில் போர்வை மூட்டைக்கு மேல் வைத்தார்.

ஆறு வாரம் போயிற்று. களைப்பு போகவில்லை. சாக்ஸ் தேடுவது மட்டும் கொஞ்சம் குறைந்தது. ஒரு காலை, வேறொரு கட்டடத்துக்குப் போகச் சொல்லி ஹலோக்கா கூப்பிட்டார். போனை வைக்கப் போனவரை மெக்கானிக் நிறுத்தி, "அந்த ஏழு மாடிக் கட்டடத்துலேர்ந்து ஏதாவது…" என்று கேட்டுவிட்டார்.

"ஒண்ணுமே இல்ல. புது ஆளு போய் எண்ணெய் விட்டுட்டு, தொட வேண்டிய இடமே இல்லைன்னு வந்துட்டான். இனிமே அங்கிருந்து போன் வராதுல்ல?"

"வராது" என்றார் மெக்கானிக்.

அந்த ஒரு வார்த்தையைச் சொல்லும்போது அவருக்குக் கொஞ்சம் பெருமையாக இருந்தது. அந்த வேலையை அவர் அளவுக்கு யாரும் செய்ய முடியாது. போனை வைத்த பிறகு அழுகை வந்தது. கட்டிலில் உட்கார்ந்து, உடைந்த சைக்கிளின் சீட்டைப் பிடித்துக்கொண்டு, விக்கி விக்கி அழுதார். ஒரு வழியாக நெஞ்சு வெடித்தது. வாசலில் டீயோடு வந்த அக்கா சத்தம் போடாமல் திரும்பிப் போனாள்.

முகம் கழுவி, பையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். அக்காவும் கூடவே வாசல்வரை வந்தாள். கீழ் வீட்டு அம்மா துணி உலர்த்திக்கொண்டிருந்தார். "என்ன தம்பி, உங்க வீட்டு பெயின்ட் வேலை இன்னும் முடியலையா?"

அக்கா வாயைத் திறந்தாள். அதற்குள் அவர் சொல்லிவிட்டார்.

"முடிஞ்சுடுச்சுங்க. அது இப்ப அவங்க வீடு. நான் இனிமே இங்கதான்."